இன்மையைப் படம்பிடித்தல்

கேமராவால் இருப்பதை மட்டுமே பதிய முடியும். பொருளின் மேல் பட்ட ஒளி லென்ஸின் வழியே வந்து படச்சுருளில் பூசிய வெள்ளி உப்பைத் தொட வேண்டும், தொட்டால்தான் படம். அங்கே இல்லாத ஒருவர் படச்சுருளில் எந்தத் தடமும் விடுவதில்லை. அப்படியிருக்க, வீடு திரும்பாத மகனையும், காட்டுக்கு அனுப்பப்பட்ட மனைவியையும், வேடத்துக்குள் மறைந்துபோன மனிதனையும் திரைப்படம் எப்படிக் காட்டுகிறது? அரங்கில் உட்கார்ந்திருப்பவர் ‘அவன் வரவில்லை’ என்று உணரும் நொடியில் உண்மையில் எதைக் காண்கிறார்? தத்துவ நூல் எதுவும் எழுதாமல், ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் படங்களின் மூலமாகவே இந்தக் கேள்வியைக் கேட்டுவந்தவர் மலையாளத் திரைப்பட இயக்குநர் ஷாஜி என். கருண்.

அவர் 1952 ஜனவரி 1 அன்று கொல்லம் மாவட்டத்தில் பிறந்தார். புனேயில் உள்ள இந்தியத் திரைப்பட, தொலைக்காட்சி நிறுவனத்தில் ஒளிப்பதிவு படித்து 1974இல் பட்டயம் பெற்றார். 1970களின் நடுவில் கேரள மாநிலத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தில் பணியில் சேர்ந்தார். இயக்குநர் ஜி. அரவிந்தனுக்கு ஒளிப்பதிவாளராக அமைந்தது அவர் வாழ்வின் போக்கையே தீர்மானித்தது. ‘காஞ்சனசீதா’, ‘தம்பு’, ‘கும்மாட்டி’, ‘எஸ்தப்பான்’, ‘போக்குவெயில்’, ‘சிதம்பரம்’, ‘ஒரிடத்து’ ஆகிய படங்களை இருவரும் சேர்ந்து உருவாக்கினர். கே. ஜி. ஜார்ஜ், பத்மராஜன், ஹரிஹரன் போன்றோரின் படங்களுக்கும் ஷாஜி ஒளிப்பதிவு செய்தார். 1988இல் ‘பிறவி’யோடு இயக்குநரானார். அடுத்த முப்பது ஆண்டுகளில் அவர் எடுத்த கதைப்படங்கள் ஏழுதான். சந்தையின் வேகத்துக்கு அவர் ஒருபோதும் ஓடவில்லை.

இல்லாமையை அறிய முடியுமா என்பது இந்தியத் தத்துவ மரபுகள் நூற்றாண்டுகளாக மோதிக்கொண்ட கேள்வி. தமிழில் மணிமேகலையிலேயே இதன் சுவடு உண்டு. சமயவாதிகளின் கொள்கைகளைக் கேட்டறியும் காதையில், அறிவு பெறும் வழிகளாக எண்ணப்படும் பத்து அளவைகளில் அபாவமும் ஒன்று. சைவ சித்தாந்த நூலான சிவஞான சித்தியாரும் அளவைகளைப் பற்றிப் பேசும்போது அபாவத்தை எண்ணிக்கையில் சேர்க்கிறது. பிறகு எல்லா அளவைகளும் காண்டல், கருதல், உரை என்னும் மூன்றுக்குள் அடங்கும் என்று முடிக்கிறது.

வழக்கமாகச் சொல்லப்படும் எடுத்துக்காட்டு மிக எளியது: தரையில் குடம் இல்லை. இந்த அறிவு எங்கிருந்து வந்தது? கண் தரையைக் கண்டது, குடத்தைக் காணவில்லை. காணாமல் போனதைக் கண்டதாகச் சொல்வது எப்படி?

நியாய, வைசேடிக மரபினர் இன்மையையே ஒரு பதார்த்தமாக ஏற்றார்கள். தரையைக் காணும் அதே கண், குடத்தின் இன்மையையும் அந்தத் தரையின் அடைமொழியாகக் காண்கிறது என்பது அவர்கள் நிலை. இன்மையில் அவர்கள் நான்கு வகை கண்டார்கள்: தோன்றுவதற்கு முன் இருக்கும் முன்னின்மை, அழிந்தபின் வரும் அழிவுபாட்டின்மை, எக்காலத்தும் இல்லாத முழுதுமின்மை, ஒன்று மற்றொன்றாக இல்லாத ஒன்றினொன்றின்மை. கூடவே ஒரு கறாரான நிபந்தனையும் வைத்தார்கள். வெறும் ‘இல்லை’ என்பது அறிவாகாது. எது இல்லை, எங்கே இல்லை என இரண்டும் தெரிந்திருக்க வேண்டும். இல்லாத பொருளைப் பிரதியோகி என்றும், அது இல்லாதிருக்கும் இடத்தை அதிகரணம் என்றும் அவர்கள் அழைத்தார்கள்.

7ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த மீமாம்சகர் குமாரிலர் இதை ஏற்கவில்லை. புலன் தொடுவது இருப்பதைத்தான். ஆகவே இன்மையை அறியத் தனி அளவை ஒன்று வேண்டும் என்றார். அதற்கு அனுபலப்தி, அதாவது காணாமை, என்று பெயர். அவர் வழிவந்தோர் இதிலும் ஓர் எல்லை வகுத்தார்கள். இருந்திருந்தால் கண்டிப்பாகக் காணப்பட்டிருக்கும் என்ற தகுதி உள்ள பொருளைக் காணாதபோதுதான் அது இல்லை என்று சொல்லலாம். இருட்டறையில் குடத்தைக் காணாதவர் குடம் இல்லை என்று சொல்ல முடியாது. மற்றொரு மீமாம்சகரான பிரபாகரர் இன்னும் ஒருபடி போய், இன்மை என்று தனியாக எதுவுமே கிடையாது, வெறுந்தரையைக் காண்பதையே நாம் அப்படிப் பேசுகிறோம் என்றார். பௌத்தத் தருக்க அறிஞர் தர்மகீர்த்தியோ, காணத்தக்கதைக் காணாமையைக் கொண்டு செய்யும் அனுமானமே இது என்றார். பிற்காலத்தில் பிரான்சில் ழான்-பால் சார்த்தர் 1943இல் வெளியிட்ட தம் பெருநூலில், காப்பிக்கடையில் நண்பன் பியேரைத் தேடி வந்து காணாத மனிதனை எடுத்துக்காட்டாகக் கொண்டு இதே கேள்விக்கு வேறு வழியில் வந்து சேர்ந்தார். எதிர்பார்ப்போடு வருகிறவனுக்குத்தான் அந்தக் கடை முழுவதும் பியேர் இல்லாத இடமாக மாறுகிறது.

ஒளிப்பதிவாளரின் வேலை இந்த விவாதத்தோடு நேரடியாக ஒட்டுகிறது. இன்மையைக் காட்ட அவரிடம் இருக்கும் கருவிகள் சில. சட்டகத்தின் ஒரு பாதியைக் காலியாக விடலாம். ஆள் வெளியேறிய பிறகும் ஷாட்டை நிறுத்தாமல் அந்த இடத்தையே பார்த்துக்கொண்டிருக்கலாம். சட்டகத்துக்கு வெளியே எதையோ நோக்கும் முகத்தைக் காட்டி, நோக்கப்படுவதைக் காட்டாமல் விடலாம். இவை எல்லாமே அதிகரணத்தைக் காட்டும் முறைகள். பிரதியோகியைக் கேமராவால் காட்ட முடியாது. அதைக் கதையும் நடிகரும் பார்வையாளரின் மனத்தில் முன்பே வைத்திருக்க வேண்டும். வைக்கத் தவறினால் திரையில் எஞ்சுவது பிரபாகரர் சொன்ன வெறுந்தரைதான். கலைப்படங்கள் என்ற பெயரில் வரும் பல நீண்ட மௌனக் காட்சிகள் அலுப்பூட்டுவதற்கு இதுவே காரணம். அங்கே இடம் இருக்கிறது, எது இல்லை என்பது மட்டும் யாருக்கும் தெரிவதில்லை.

ஷாஜி இந்தப் பாடத்தைக் கற்ற முதல் பெரிய பள்ளி 1977இல் வந்த ‘காஞ்சனசீதா’. சி. என். ஸ்ரீகண்டன் நாயரின் நாடகத்தைத் தழுவிய படம் இது. சீதையைப் பிரிந்த ராமனின் பிற்கால வாழ்வைச் சொல்கிறது. அரவிந்தன் ராமனாகவும் லட்சுமணனாகவும் ஆந்திரத்தின் பழங்குடி மக்களை நடிக்கவைத்தார். அதற்கு எதிர்ப்பும் கிளம்பியது. தத்துவ நோக்கில் அதைவிடத் துணிச்சலான முடிவு வேறொன்று. படத்தில் சீதை இல்லை. அந்தப் பாத்திரத்துக்கு நடிகையே கிடையாது. இலைகளை அசைக்கும் காற்று, மழை, ஆறு, காட்டின் அமைதி ஆகியவற்றில் ராமன் அவளை உணர்கிறான். சாங்கியத் தத்துவம் பேசும் பிரகிருதியே, அதாவது இயற்கையே, சீதை என்பது படத்தின் உட்பொருள்.

ஒளிப்பதிவாளருக்கு இது கடினமான பணி. மரம் ஆடுவதை யாரும் படமெடுக்கலாம். அது சீதையாகத் தோன்ற வேண்டும். அந்தத் தோற்றம் மரத்தில் பிறப்பதில்லை, மரத்தைப் பார்க்கும் ராமனின் நின்ற நிலையிலிருந்தே பிறக்கிறது. முதலில் முகம், பிறகு மரம், மறுபடி முகம் என்ற வரிசையில், பார்வை தேங்கும் நேரத்தின் அளவில் அது உருவாகிறது. வேள்விக்காக ராமன் சீதையின் இடத்தில் செய்து வைத்த பொற்பாவை அவளுக்கு ஈடாகாது என்பதும் இங்கே புரிகிறது. பாவை கண்ணுக்குத் தெரிகிறது; அதனாலேயே அவள் இல்லை என்பதை உரக்கச் சொல்கிறது. காற்று கண்ணுக்குத் தெரிவதில்லை. அதில் அவள் இருக்கிறாள். வழிபாட்டில் திருவுருவத்துக்கும் அருவத்துக்கும் இடையே உள்ள பழைய வழக்கை இவ்வளவு சிக்கனமாகப் பேசிய இந்தியப் படங்கள் மிகக் குறைவு.

அடுத்த ஆண்டின் ‘தம்பு’ வேறொரு சோதனை. பாரதப்புழைக் கரையில் ஒரு சர்க்கஸ் கூடாரம் முளைக்கிறது. சில நாட்களில் கலைந்து போகிறது. சர்க்கஸ் பார்க்கும் கிராமத்து மனிதர்களின் முகங்களைக் கேமரா நெடுநேரம் பார்க்கிறது. வித்தை பார்க்கப் பார்க்க அவர்கள் கேமராவை மறந்துவிடுகிறார்கள். அந்தக் கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவுக்காக ஷாஜிக்குத் தேசிய விருது கிடைத்தது. பல ஆண்டுகள் கழித்துப் படம் புதுப்பிக்கப்பட்டு 2022இல் கான் திரைப்பட விழாவின் செவ்வியல் பிரிவில் திரையிடப்பட்டது.

1985இல் வந்த ‘சிதம்பரம்’ இந்தக் கேள்வியைத் தமிழ்நாட்டுக்கே கொண்டுவந்து சேர்த்தது. சி. வி. ஸ்ரீராமனின் சிறுகதையிலிருந்து எடுத்த படம். மூணாறு அருகே மாட்டுப்பட்டியின் அரசு மாட்டுப் பண்ணையில் வேலை பார்க்கிறார் சங்கரன். அங்குள்ள தொழிலாளி முனியாண்டி தமிழ்நாட்டிலிருந்து சிவகாமியை மணம்முடித்து அழைத்து வருகிறான். சங்கரனுக்கும் சிவகாமிக்கும் உறவு ஏற்படுகிறது; முனியாண்டி தூக்கில் தொங்குகிறான். குற்றவுணர்வு சங்கரனைக் குடியிலும் அலைச்சலிலும் தள்ளுகிறது. கடைசியில் அவர் சிதம்பரம் கோயிலுக்கு வந்து சேர்கிறார். கோயில் வாசலில் செருப்புகளைப் பார்த்துக்கொள்ள உட்கார்ந்திருக்கும் பெண், முகத்தில் வடுவோடு இருப்பவள், சிவகாமி. கேமரா கோபுரத்தின் மேல் மெல்ல ஏறி, சிலைகள் எல்லாம் கீழே நின்றுவிட, வானத்தைச் சென்றடைகிறது.

அந்த முடிவை உணர, அந்தக் கோயிலின் கொள்கை தெரிந்திருக்க வேண்டும். ஐம்பூதத் தலங்களில் சிதம்பரம் ஆகாயத் தலம். சித்சபையில் நடராசருக்கு அருகில் திரை விலக்கிக் காட்டப்படும் இடத்தில் மூர்த்தி கிடையாது. தங்க வில்வ மாலைகள் தொங்கும் வெறுவெளி இருக்கிறது. சிதம்பர ரகசியம் அதுவே. சைவம் இதைச் சூனியம் என்று கொள்வதில்லை. எங்கும் நிறைந்திருப்பவனுக்கு உருவம் ஓர் எல்லையாகிவிடும் என்பதால் எல்லையற்ற வெளியே அவன் திருமேனி. நியாய நூலோர் மொழியில் சொன்னால், இங்கே பிரதியோகி இல்லை. இல்லாமையாகத் தெரிவது நிறைவே. கோபுரத்தைத் தாண்டி வானத்துக்குப் போன கேமரா சங்கரனின் குற்றத்தை மன்னிக்கிறதா, அல்லது மன்னிப்பு என்ற பேச்சே பொருந்தாத ஓர் அகலத்தைக் காட்டுகிறதா என்று படம் சொல்வதில்லை. முனியாண்டியை அந்த வானம் திருப்பித் தரவில்லை என்பது மட்டும் உறுதி. கோயிலின் வெளியும் மாட்டுத் தொழுவத்தில் ஒரு மனிதன் விட்டுச் சென்ற வெளியும் ஒன்றா? ஷாஜியின் சொந்தப் படங்கள் இந்தக் கேள்வியிலிருந்தே தொடங்குகின்றன.

‘பிறவி’க்குப் பின்னால் நடந்த நிகழ்ச்சி ஒன்று உண்டு. நெருக்கடிநிலைக் காலத்தில், 1976 மார்ச் 1 அன்று, கோழிக்கோடு மண்டலப் பொறியியல் கல்லூரி மாணவர் ராஜனைக் காவல்துறை விடுதியிலிருந்து பிடித்துச் சென்றது. தந்தை ஈச்சர வாரியர் அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்கினார். அப்படி யாரையும் பிடிக்கவில்லை என்பதே பதில். நெருக்கடிநிலை விலக்கப்பட்ட பின் 1977இல் அவர் கேரள உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுத் தாக்கல் செய்தார். ராஜனை முன்னிறுத்த வேண்டும் என்று நீதிமன்றம் உத்தரவிட்டது. அவர் காவலில் இறந்துவிட்டார் என்று பின்னர் அரசு ஒப்புக்கொண்டது. நெருக்கடிநிலையின்போது உள்துறை அமைச்சராக இருந்து, அப்போது முதலமைச்சராகியிருந்த கே. கருணாகரன் 1977 ஏப்ரலில் பதவி விலகினார். ராஜனின் உடல் கிடைக்கவே இல்லை.

படம் இந்த வழக்கை விவரிப்பதில்லை. முதிய வயதில் தவமிருந்து பெற்ற மகன் ரகு தொலைவில் பொறியியல் படிக்கிறான். அக்காவின் நிச்சயதார்த்தத்துக்கு அவன் வர வேண்டும். தந்தை ராகவச் சாக்கியார் நாள்தோறும் படகில் ஆற்றைக் கடந்து போய்ப் பேருந்துக்காகக் காத்திருக்கிறார். பேருந்து வருகிறது, மகன் இறங்குவதில்லை. அவர் திருவனந்தபுரம் வரை போய் அமைச்சரைப் பார்க்கிறார். கைது செய்யவே இல்லை என்கிறது காவல்துறை. அக்கா மாலதி ரகுவின் நண்பர்களிடமிருந்து உண்மையை அறிகிறாள். அதைத் தந்தையிடம் எப்படிச் சொல்வது என்று அவளுக்குத் தெரியவில்லை. மெல்ல மெல்லத் தந்தையின் மனம் நிகழ்காலத்தின் பிடியிலிருந்து நழுவுகிறது.

குமாரிலர் வழியினர் வைத்த தகுதி என்ற நிபந்தனை இங்கே கதையாகவே நிற்கிறது. பேருந்து நிறுத்தம், இருந்திருந்தால் கண்டிப்பாகக் காணப்பட்டிருப்பான் என்று சொல்லத்தக்க இடம். ஆகவே ஒவ்வொரு மாலையும் தந்தைக்குக் கிடைப்பது ஐயத்துக்கு இடமில்லாத ஓர் அறிவு: இந்தப் பேருந்தில் மகன் இல்லை. இதிலிருந்து ‘மகன் உலகில் இல்லை’ என்ற முடிவுக்குத் தருக்கம் அவரைக் கொண்டுபோக முடியாது. உலகம் முழுவதும் ஒரு பேருந்து நிறுத்தம் ஆகாது. நம்பிக்கை வாழ்வது இந்த இடைவெளியில்தான். அதை மூட நம்பிக்கை என்றோ பாசத்தின் மயக்கம் என்றோ ஒதுக்க முடியாது. கிடைத்த சான்றுகளுக்கு மேல் ஓர் அடிகூட எடுத்து வைக்க மறுக்கும் நேர்மையான அறிவு அது. அழிவுபாட்டின்மையை ஏற்க வேண்டுமானால் அழிவுக்கு ஒரு சாட்சி வேண்டும். அரசு அந்தச் சாட்சியைத்தான் மறைக்கிறது.

சமயமும் சட்டமும் இந்த இடைவெளியை மூட வழிகள் வைத்திருக்கின்றன. உடல் கிடைக்காதபோது தருப்பைப் புல்லால் உருவம் செய்து ஈமச்சடங்கு நடத்தலாம் என்ற ஏற்பாடு உண்டு. காணாமல் போனவருக்காகப் பன்னிரண்டு ஆண்டுகள் காத்திருக்கும் வழக்கத்தைத் தருமசாத்திர மரபு பேசுகிறது. இந்தியச் சாட்சியச் சட்டம், ஏழு ஆண்டுகள் ஒருவரைப் பற்றிய செய்தி இல்லையென்றால் அவர் இறந்துவிட்டதாகக் கொள்ள இடம் தந்தது. வாழ்கிறவர்கள் வாழ வேண்டும் என்ற கருணையில் பிறந்த ஏற்பாடுகள் இவை. ஆனால் இவை யாவும் இயற்கையோ விபத்தோ ஏற்படுத்திய இன்மைக்கு உரியவை. ஒருவரைப் பிடித்துச் சென்று, கொன்று, உடலை மறைத்து, பிடிக்கவே இல்லை என்று சொல்லும் அதிகாரம் உருவாக்கிய இன்மைக்கு இந்தச் சடங்குகளில் இடமில்லை. அதை ஏற்றுச் சடங்கு செய்தால் அந்தப் பொய்க்கும் சேர்த்தே எள்ளும் நீரும் இறைத்ததாகும்.

ஆன்மா அழிவதில்லை என்ற ஆறுதலும் இங்கே பயன்படாது. கூத்தாடும் குலத்தில் பிறந்து கோயிலோடு வாழ்ந்த சாக்கியாருக்கு அந்தக் கொள்கை தெரியாமல் இருக்காது. அவர் கேட்பது ரகு என்ற ஒருவனைப் பற்றி. அவன் நடையை, அவன் குரலை, அவன் இறங்க வேண்டிய படிக்கட்டை. அந்த ஒருவனுக்கு ஈடாக எந்தப் பரம்பொருளையும் வைக்க முடியாது என்று படம் அமைதியாகவும் பிடிவாதமாகவும் சொல்கிறது. சிதம்பரத்தின் வெளி தெய்வத்தால் நிறைந்தது. பேருந்து நிறுத்தத்தின் வெளி ஒரு குற்றத்தால் உண்டானது. முதலாவதைக் காட்டி இரண்டாவதற்கு ஆறுதல் சொல்வது தத்துவத்தின் பெயரால் செய்யும் அநீதி. இரண்டையும் தன் கண்ணால் அளந்த ஒளிப்பதிவாளர் என்பதால் ஷாஜி அவற்றைக் குழப்பிக்கொள்ளவில்லை. ‘பிறவி’யில் கேமரா வானத்தை நோக்கித் தப்பிப் போவதில்லை. அது ஆற்றோடும் மழையோடும் ஓர் எண்பது வயதுக் கிழவரின் முகத்தோடும் நிற்கிறது.

அந்த முகம் பிரேம்ஜியுடையது. நம்பூதிரி சமூகத்தின் சீர்திருத்த இயக்கத்தில் பங்கேற்று, கைம்பெண்ணை மணந்து, நாடக மேடையில் முதிர்ந்தவர். இந்தப் படத்துக்காக அவருக்குச் சிறந்த நடிகருக்கான தேசிய விருது கிடைத்தது. படமும் இயக்கமும் ஒலிப்பதிவும் அதே ஆண்டு விருது பெற்றன. ஒலிக்குக் கிடைத்த விருது தற்செயலானதாகத் தோன்றவில்லை. கண்ணுக்கு வராததை முதலில் அறிவிப்பது காதுதான். தூரத்துப் பேருந்தின் ஓசை பிரதியோகியை ஒவ்வொரு முறையும் புதிதாக மனத்தில் நிறுத்துகிறது. 1989இல் கான் விழாவில் படம் கேமரா தோர் விருதுக்கான சிறப்புக் குறிப்புப் பெற்றது. லொகார்னோவிலும் விருது பெற்றது.

‘பிறவி’க்கு ஒளிப்பதிவு செய்தவர் சன்னி ஜோசப். ஷாஜி தன் படங்களுக்குக் கேமராவைப் பிறரிடம் கொடுத்தார். இது அவருடைய இயக்கத்தைப் புரிந்துகொள்ள முக்கியமான செய்தி. மாலதியாக நடித்த அர்ச்சனா அதற்குச் சற்று முன்புதான் ‘வீடு’ படத்தில் நடித்திருந்தார். அந்தப் படத்தின் இயக்குநர் பாலு மகேந்திராவும் புனேயில் பயின்று ஒளிப்பதிவிலிருந்து வந்தவரே. ஆனால் அவர் தன் படங்களின் கேமராவைத் தானே கையாண்டார். இரண்டு வழிகளுக்கும் நியாயம் உண்டு. பாலு மகேந்திராவுக்கு எழுதுவதும் பார்ப்பதும் ஒரே செயல். ஷாஜிக்கோ, பார்ப்பவனையும் பார்க்க வேண்டியிருந்தது. கண்ணாடியின் வழியே பார்க்கிறவர் சட்டகத்துக்குள் இருப்பதில் மூழ்கிவிடுவார். அதில் எது இல்லை என்பதைக் கவனிக்கச் சற்றே விலகி நிற்கும் ஒருவர் தேவை. வேதாந்தம் பேசும் சாட்சி நிலைக்கு நெருக்கமான இடம் அது. பிற்காலத்தில் அவர் படங்களுக்கு ஹரி நாயர், சந்தோஷ் சிவன், சுவிஸ் ஒளிப்பதிவாளர் ரெனாத்தோ பெர்த்தா, எம். ஜே. ராதாகிருஷ்ணன் ஆகியோர் பணிபுரிந்தனர்.

1994இல் கான் விழாவின் போட்டிப் பிரிவுக்குத் தேர்வான ‘ஸ்வம்’ மறுபடியும் இழப்பைத் தொடுகிறது. கணவனை இழந்த அன்னபூர்ணா, மகனுக்கு ராணுவ வேலை கிடைக்கும் என்று நம்பி அனுப்புகிறாள். ஆள்சேர்ப்புக் கூட்ட நெரிசலில் அவன் இறந்துபோகிறான். இந்தப் படத்தைப் பற்றியும், ஓரளவு ‘பிறவி’யைப் பற்றியும் எழுப்பத்தக்க ஓர் எதிர்வாதம் உண்டு. துயரத்தை இவ்வளவு அழகாக ஒளியூட்டிக் காட்டலாமா? அழகு இழப்பின் கூர்மையை மழுக்கிவிடாதா? ‘பிறவி’யில் இந்த ஆபத்து இல்லை, ஏனென்றால் அங்கே மழையும் ஆறும் அழகுக்காக வரவில்லை, மகன் கடந்து வர வேண்டிய வழி அவை. ‘ஸ்வ’மில் சில இடங்களில் காட்சி துயரத்தை முந்திக்கொண்டு போகிறது என்பதை மறுக்க முடியாது. ஒளிப்பதிவாளராக வளர்ந்தவர்களுக்கே உரிய சோதனை இது.

1999இல் வந்த ‘வானப்பிரஸ்தம்’ கேள்வியை வேறு திசைக்குத் திருப்பியது. கதகளிக் கலைஞன் குஞ்ஞுக்குட்டன் தன்னை மகனென்று ஏற்காத ஓர் உயர்சாதித் தந்தைக்குப் பிறந்தவன். மேடையில் அவன் அர்ச்சுனனாக ஆடுவதைக் கண்டு சுபத்திரா என்ற செல்வக்குடிப் பெண் மயங்குகிறாள். அவளுக்குக் குழந்தை பிறக்கிறது. ஆனால் அவள் காதலித்தது அர்ச்சுனனை, குழந்தையும் அர்ச்சுனனுடையது. குஞ்ஞுக்குட்டன் தன் மகனைப் பார்க்கக்கூட அவள் அனுமதிப்பதில்லை. பேருந்தில் வராத மகனுக்காக ஏங்கிய தந்தையை அடுத்து, கண்ணெதிரில் இருந்தும் காண முடியாத மகனுக்காக ஏங்கும் தந்தை.

நியாய நூலோரின் ஒன்றினொன்றின்மை இங்கே நினைவுக்கு வருகிறது: குடம் ஆடையன்று, ஆடை குடமன்று. அர்ச்சுனன் குஞ்ஞுக்குட்டன் அல்லன். சுவை பற்றிய மரபு இந்த வேறுபாட்டை நடிப்பின் வெற்றியாகவே பாராட்டுகிறது. நடிகன் மறைந்தால்தான் பாத்திரம் தோன்றும், பார்ப்பவர் இன்புற முடியும். ஷாஜியின் படம் அந்த வெற்றிக்கு ஒரு மனிதன் கொடுக்கும் விலையைக் கேட்கிறது. பல மணி நேரம் முகத்தில் எழுதப்படும் சுட்டியும் நிறமும் ஒருவனை இல்லாமல் ஆக்குகின்றன. சாதி ஏற்கெனவே அவனை இல்லாதவனாகவே நடத்துகிறது. வேடத்தில் அவனைத் தொழுபவர்களுக்கு வேடம் கலைந்தபின் அவன் யாரோ. கலையும் சாதியும் ஒரே மனிதனை வெவ்வேறு காரணங்களுக்காகக் காணாமல் விடுகின்றன என்ற இந்தப் பார்வை, கதகளியைப் பற்றி வந்த வேறு எந்தப் படத்திலும் இத்தனை வலியோடு வெளிப்பட்டதில்லை. பிரெஞ்சுக் கூட்டுத் தயாரிப்பான இந்தப் படம் கான் விழாவில் காட்டப்பட்டது. சிறந்த படத்துக்கும், மோகன்லாலின் நடிப்புக்கும் தேசிய விருதுகள் கிடைத்தன. ஜாகிர் உசேன் இசையமைத்தார்.

‘குட்டி ஸ்ராங்க்’ படத்தில் வரிசை தலைகீழாகிறது. ‘பிறவி’யில் மனிதனைத் தெரியும், உடல் இல்லை. இங்கே கரை ஒதுங்கிய உடல் இருக்கிறது, மனிதன் யார் என்று தெரியவில்லை. படகோட்டி குட்டி ஸ்ராங்கை அறிந்த மூன்று பெண்கள் ஒவ்வொருவராக வந்து தங்கள் கதையைச் சொல்கிறார்கள். ஒருவர் சொல்லும் ஸ்ராங்க் மற்றவர் சொல்லும் ஸ்ராங்காக இல்லை. பௌத்தத்தை நாடும் பெண், சவிட்டுநாடகம் ஆடும் கிறித்தவக் கடற்கரை, வாய் பேசாத ஒருத்தி என மூன்று உலகங்கள். மாறாத ஒரு தன்மை மனிதருக்குள் உண்டா, அல்லது பிறரின் நினைவுகளில் ஓடும் தொடர்ச்சி மட்டும்தானா என்பது பௌத்தரும் ஆன்மவாதிகளும் நெடுங்காலம் வாதிட்ட பொருள். படம் இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுப்பதில்லை. ஆயினும் உடலைக் காண்பது ஆளைக் காண்பதாகாது என்று நிறுவுகிறது. இந்தப் படத்துக்காக அஞ்சுலி சுக்லா ஒளிப்பதிவுக்கான தேசிய விருது பெற்றார். அந்த விருதைப் பெற்ற முதல் பெண் அவரே. கேமராவைப் பிறரிடம் கொடுக்கும் பழக்கம் தந்த நற்பலன்களில் இது முக்கியமானது.

இதற்கிடையே விமானியான மகனுக்காகக் காத்திருக்கும் தாயைப் பற்றி ‘நிஷாத்’ என்ற இந்திப் படத்தை 2002இல் எடுத்தார். செண்டைக் கலைஞனைப் பற்றிய ‘ஸ்வப்பானம்’ பின்னர் வந்தது. கடைசிக் கதைப்படம் 2018இன் ‘ஓளு’. வன்முறைக்கு ஆளாகி நீருக்குள் தள்ளப்பட்ட ஒரு பெண் காயலுக்கு அடியில் உயிரோடிருந்து, நிலவொளியில் மேலுலகோடு தொடர்பு கொள்கிறாள். எதுவும் காட்டாமல் உணர்த்திய இயக்குநர் இங்கே இல்லாதவளை நேராகவே காட்டிவிடுகிறார். ‘காஞ்சனசீதா’வின் காற்றுக்குக் கிடைத்த வலு நீருக்கடியில் தோன்றும் உருவத்துக்குக் கிடைக்கவில்லை. தகுதியுள்ள இடத்தில் காணாமல் போவதில்தான் இன்மை அறியப்படுகிறது என்ற மீமாம்சகரின் கருத்துக்கு இதுவும் ஒரு சான்று. எம். ஜே. ராதாகிருஷ்ணனின் ஒளிப்பதிவுக்குத் தேசிய விருது அறிவிக்கப்பட்டது; அதற்குச் சில வாரங்களுக்கு முன்பே அவர் காலமாகியிருந்தார்.

படங்களுக்கு வெளியேயும் ஷாஜியின் பணி விரிந்தது. 1998இல் தொடங்கிய கேரள மாநில சலச்சித்திர அகாடமிக்கு அவரே முதல் தலைவர். இளமையில் தான் வேலை பார்த்த திரைப்பட வளர்ச்சிக் கழகத்துக்குப் பிற்காலத்தில் தலைவரானார். 2011இல் பத்மஸ்ரீ பெற்றார். கேரள அரசின் உயர்ந்த திரை விருதான ஜே. சி. டேனியல் விருதும் அவருக்கு வழங்கப்பட்டது. 2025 ஏப்ரல் 28 அன்று திருவனந்தபுரத்தில் மறைந்தார்.